வாயை மட்டும் அசைக்கச் சொல்லாதீர்கள்: காவிரிப் படுகையில் பாடகர் குழு நடத்துகிறவர்களுக்கு ஒரு திறந்த மடல்

அன்புள்ள பள்ளித் தலைமையாசிரியர்களுக்கும், சபை ஆயர்களுக்கும், பங்குத்தந்தையருக்கும், சனிக்கிழமை சாயங்காலங்களைப் பிள்ளைகளுக்காக விட்டுக்கொடுக்கிற பாடகர் குழு அண்ணன்மார் அக்காமாருக்கும்,

ஸ்தோத்திரமும் வணக்கமும்.

மயிலாடுதுறையிலிருந்து எழுதுகிறேன். பள்ளிக்கூடத்தில் 28 வருடம் பாட்டு டீச்சராக இருந்தேன். சபையில் பாடகர் குழுவை இன்றைக்கும் பார்த்துக்கொண்டிருக்கிறேன். கிறிஸ்துமஸுக்கு என்ன பாடுவது என்று நீங்கள் எல்லோரும் முடிவெடுக்கிற நேரம் இது. சிலர் முடிவெடுத்தே விட்டீர்கள். யூடியூபில் ஒரு பாட்டைக் கேட்டு, அதன் டிராக்கை, அதாவது பாடிப் பதிவு செய்த ஒலியை, இறக்கி, வாட்ஸ்அப் குழுவில் போட்டு, "பிள்ளைங்க கேட்டுக்கிட்டே இருக்கட்டும், நோட்டுல எழுதிக்கிட்டு வரட்டும்" என்று சொல்லியாகிவிட்டது. அந்தப் பாட்டை ஒரு நாள் தள்ளி வைத்துவிட்டு இதைப் படியுங்கள் என்று கேட்டுக்கொள்ளத்தான் எழுதுகிறேன்.

பல வருடங்களுக்கு முன்னால் ஒரு பள்ளியின் கிறிஸ்துமஸ் விழா. ஊரும் பேரும் வேண்டாம். சினிமாப் பாட்டு போல ஒலிக்கிற ஒரு புதுப் பாட்டை எடுத்திருந்தோம். டிராக்கில் பாடியவர் தேர்ந்த பாடகி. அவர் குரலுக்கு வைத்த சுருதி அது. பல்லவி வரைக்கும் பிள்ளைகள் சமாளித்தார்கள். சரணத்தில் மேலே போகிற இடம் வந்ததும் பாதிப் பேருக்குக் குரல் கிறீச்சிட்டது, மீதிப் பேர் பாடுவதையே நிறுத்திவிட்டார்கள். ஏழாம் வகுப்புப் பிள்ளை ஒருத்தி மட்டும் கண்ணை இறுக்க மூடிக்கொண்டு அந்தச் சுரத்தை எட்டிப் பிடிக்கப் பார்த்தாள். கழுத்து நரம்பு புடைத்தது. விழாவுக்கு இரண்டே நாள். "நீ வாயை மட்டும் அசைம்மா, டிராக்ல பாட்டு வந்துரும்" என்றேன். நான்தான் சொன்னேன்.

விழா நன்றாகத்தான் நடந்தது. கைதட்டல், கேக், போட்டோ எல்லாம். முடிந்ததும் அந்தப் பிள்ளையின் அம்மா என்னிடம் வந்தார். வயலிலிருந்து நேராக வந்திருந்தார், கால் சேறு முழுசாகக் காயவில்லை. "எல்லாம் நல்லா இருந்துச்சு டீச்சர். எம்பொண்ணு குரலு எங்க இருந்தாலும் எனக்குத் தெரியும். அதுக்குத்தான் காதத் தீட்டிக்கிட்டு ஒக்காந்திருந்தேன். கேக்கவே இல்லியே" என்றார். அவள் அம்மாவுக்குப் பின்னால் தரையைப் பார்த்துக்கொண்டு நின்றாள். நான் என்ன பதில் சொன்னேன் என்பது நினைவில் இல்லை. அடுத்த வருடத்திலிருந்து பாட்டுத் தேர்ந்தெடுக்கிற முறையை அடியோடு மாற்றிக்கொண்டேன். அந்த முறையைத்தான் உங்களிடம் சொல்ல வருகிறேன்: முதலில் பிள்ளைகளின் குரலைக் கேளுங்கள், அப்புறம் பாட்டைத் தேடுங்கள்.

குரல் அளவு பார்ப்பது பெரிய வித்தை இல்லை. சுருதிப்பெட்டியை 1 கட்டையில் (கீபோர்டில் C) வையுங்கள். கட்டை ஏற ஏறச் சுருதியும் ஏறும். ஸட்ஜத்தில் தொடங்கி, ஸ ரி க ம ப த நி என்கிற வரிசையில், ஒவ்வொரு சுரமாக மேலே "லா லா" என்று பாட விடுங்கள். அப்போது காதைவிடக் கண்ணுக்கு வேலை அதிகம். புருவம் ஏறுகிற இடம், தாடை முன்னால் தள்ளுகிற இடம், தோள் தூக்குகிற இடம், அங்கேதான் எல்லை. உங்கள் பாட்டின் உச்சம் அதற்கு ஒரு சுரம் கீழே நின்றுவிட வேண்டும். என் அனுபவத்தில் ஒன்றிலிருந்து மூன்றாம் வகுப்பு வரை உள்ள பிள்ளைகளுக்கு அந்தச் சுருதியில் ரிஷபத்திலிருந்து நிஷாதம் வரைக்கும் ஆறு சுரம் போதும், நிம்மதியாகப் பாடுவார்கள். நாலிலிருந்து ஏழு வரை, கீழ் ஸட்ஜத்திலிருந்து மேல் ரிஷபம் வரை போகலாம். எட்டாம் வகுப்புக்கு மேல் பையன்களுக்குக் குரல் உடையும். "நீ வேண்டாம், ஸ்டூல் தூக்கு" என்று அவர்களைத்தான் நாம் முதலில் வெளியே அனுப்புகிறோம். அனுப்பாதீர்கள். நாலே சுரத்துக்குள் அடங்குகிற ஒரு கீழ்க் குரல் வரியை எழுதிக் கொடுங்கள். உடைந்த குரலுக்கு அந்த நாலு சுரம் பெரிய ஆறுதல். என்னிடம் அப்படி நின்ற பையன்கள் சிலர் இன்றைக்கு சபையில் பேஸ் என்கிற அடிக்குரல் பாடுகிறார்கள்.

கீபோர்டு வாசிக்கிற தம்பிகளுக்கு ஒரு வார்த்தை. சுருதியை ஏற்றி இறக்குகிற டிரான்ஸ்போஸ் பட்டன் இருக்கிறது. ஒரிஜினல் ஸ்கேலில் வாசித்தால்தான் கெத்து என்று நினைக்காதீர்கள். பிள்ளைகளின் சுருதிக்கு நீங்கள் இறங்கி வாருங்கள்.

"சைலண்ட் நைட்" பாட்டை எடுத்துக்கொள்வோம். தாலாட்டு என்பதால் எளிது என்று நினைத்து எல்.கே.ஜி. பிள்ளைகளுக்குக் கொடுத்துவிடுகிறோம். கீழ் ஸட்ஜத்திலிருந்து மேல் ஸ்தாயி மத்யமம் வரை பதினோரு சுரம் ஏறி இறங்குகிற மெட்டு அது. 1 கட்டையில் எடுத்தால், குரல் நன்றாக மேலே எட்டுகிற பெரிய பிள்ளைகள் ஏறிவிடுவார்கள். 4 கட்டையில் எடுத்தால் கடைசி வரிக்கு முன்னால் வருகிற அந்த ஏற்றம் கத்தலாகிவிடும், தூங்கிய குழந்தை எழுந்துகொள்ளும். சின்னப் பிள்ளைகளுக்கு முதல் இரண்டு வரி போதும். மேலே ஏறுகிற வரியைப் பெரியவர்கள் எடுக்கட்டும்.

இந்தப் பாட்டைப் பற்றி இன்னொன்றும் சொல்ல ஆசை. 1818 டிசம்பர் 24 அன்று ஆஸ்திரியாவில் ஓபர்ன்டார்ஃப் என்ற சின்ன ஊர்க் கோயிலில் இதை முதலில் பாடினார்கள். வரிகளை எழுதிய ஜோசப் மோர் அந்தக் கோயிலின் உதவிக் குருவானவர். மெட்டுப் போட்ட ஃபிரான்ஸ் சேவர் குரூபர் பக்கத்து ஊர்ப் பள்ளிக்கூட வாத்தியார். துணைக்கு ஒரு கித்தார். ஒரு கோயிலும் ஒரு பள்ளிக்கூடமும் பேசி வைத்துக்கொண்டு செய்த வேலை. நம் ஊர்களில் பள்ளி ஒரு பக்கம் ஒத்திகை, கோயில் ஒரு பக்கம் ஒத்திகை. அதே பிள்ளைகள் இரண்டு இடத்திலும் இரண்டு பட்டியல் பாட்டைப் படித்துத் தொண்டை கட்டிப்போய் நிற்கிறார்கள். ஆயரும் தலைமையாசிரியரும் ஒரு மாலை உட்கார்ந்து பேசினால் பட்டியல் பாதியாகும்.

அப்புறம் "ஜாய் டு த வேர்ல்ட்". இதைப் பிள்ளைகளுக்குச் சொல்லிக்கொடுத்த நாளை நான் மறக்க மாட்டேன். இங்கிலீஷ் பாட்டு என்றதும் தமிழ் மீடியம் பிள்ளைகள் மிரண்டு உட்கார்ந்திருந்தார்கள். கரும்பலகையில் ஸ நி த ப ம க ரி ஸ என்று எழுதினேன். பாட்டு வகுப்புக்குப் போகிற ஒருத்தி, "டீச்சர், இது சங்கராபரணம் அவரோகணம்" என்றாள். ஆமாம், முதல் வரி முழுக்க அதுதான். மேல் ஸட்ஜத்திலிருந்து கீழ் ஸட்ஜம் வரை ஒரு படி விடாமல் இறங்குகிறது. தாளத்தில்தான் நீட்டலும் குறுக்கலும். அன்றைக்கு இருபது நிமிஷத்தில் மெட்டு வந்துவிட்டது. ஒன்று மட்டும் கவனிக்க வேண்டும்: பாட்டின் முதல் சுரமே அதன் உச்சம். தொண்டை சூடாகாத பிள்ளையை எடுத்த எடுப்பில் அங்கே நிறுத்தினால் சுருதி கீழே போகும். விழாவின் முதல் பாட்டாக இதை வைக்காதீர்கள்.

மேல்நாட்டு மெட்டும் நம் ராகமும் சந்திப்பது இந்த மண்ணுக்குப் புதிது இல்லையே. திருவாரூர் முத்துசாமி தீட்சிதர் ஐரோப்பிய மெட்டுகளைக் கேட்டு, சங்கராபரணத்தில் நோட்டுஸ்வரங்கள் செய்தவர். அவருக்கு முன்பே, 1706 ஜூலையில் தரங்கம்பாடிக் கரையில் இறங்கிய ஜெர்மன் மிஷனரி சீகன்பால்கும் அவருக்குப் பின்னால் வந்தவர்களும் ஜெர்மன் ஞானப்பாட்டுகளை அந்த மெட்டிலேயே தமிழாக்கிப் பாட வைத்தார்கள். 1718இல் கட்டிய புதிய எருசலேம் ஆலயம் இன்றைக்கும் அங்கே நிற்கிறது. நம் பாமாலைகள் அந்த வழியில் வந்தவை. தஞ்சாவூரில் மிஷனரி சுவார்ட்ஸ் ஐயரிடம் வளர்ந்த வேதநாயகம் சாஸ்திரியார் (1774–1864) வேறொரு வழி போட்டார். சரபேந்திர பூபாலக் குறவஞ்சி என்ற நாட்டிய நாடகம் ஆடிய ஊரில் இருந்துகொண்டு பெத்லகேம் குறவஞ்சி எழுதினார். பல்லவி, அனுபல்லவி, சரணம் என்று சபைகள் கீர்த்தனை பாடப் பழகியதில் அவருக்குப் பெரிய பங்கு உண்டு. அதே தஞ்சாவூரில் ஆபிரகாம் பண்டிதர் சித்த வைத்தியமும் பார்த்துக்கொண்டு, சங்கீத மாநாடுகளும் கூட்டி, 1917இல் கருணாமிர்த சாகரத்தைக் கொண்டுவந்தார். தமிழிசை பற்றிப் பேசுகிற யாரும் அந்தப் புத்தகத்தைத் தாண்டிப் போக முடியாது.

இப்படிப்பட்ட ஊர்க்காரர்கள் நாம். ஆனால் போன டிசம்பரில் நான் போய் உட்கார்ந்த ஆறு நிகழ்ச்சிகளில் நாலில் ஒரு கீர்த்தனைகூட இல்லை. கேட்டால், "அது பெரியவங்க பாடுறதுக்கா, யூத்துக்குப் பிடிக்காது" என்கிறார்கள். பிடிக்காது என்று யார் பார்த்தார்கள்? நாம் இழுத்து இழுத்து, தாளம் இல்லாமல், ஆர்மோனியத்துக்குப் பின்னால் போய்ப் பாடினால் யாருக்குத்தான் பிடிக்கும். கீர்த்தனைப் புத்தகத்தில் பாட்டின் தலையிலேயே ராகமும் தாளமும் அச்சாகியிருக்கிறது. அதைப் பார்த்து, கை போட்டுத் தாளம் சொல்லிக்கொடுத்து, ஒருத்தர் வரி எடுக்க மற்றவர்கள் வாங்கிப் பாடட்டும். எழுதப் படிக்கத் தெரியாத பிள்ளைகூட மூன்றாவது முறையில் பாடிவிடும். ஒரு மிருதங்கமோ டோலக்கோ போதும். பக்கத்துத் தெருவில் தவில் பழகுகிற பையன் இருந்தால் அவனைக் கூப்பிடுங்கள், ஓரமாக அடக்கி வாசிக்கச் சொல்லுங்கள். கீர்த்தனைக்கு நாலு குரல் பார்ட்ஸ் போட்டுக் கெடுக்க வேண்டாம். சுரத்தை அசைத்துப் பாடுகிற கமகம் வருகிற இடத்தில், பல சுரம் சேர்ந்தொலிக்கிற கார்டு வந்து உட்கார்ந்தால் இரண்டும் நிற்காது. பார்ட்ஸ் பாட ஆசையா, பாமாலை எடுங்கள், அதற்கென்றே அமைந்த மெட்டு அது. சுரங்களை எழுத்தால் குறிக்கிற டோனிக் சோல்ஃபா புத்தகம் உங்கள் சபை அலமாரியில் தூசி பிடித்துக் கிடக்கும், தேடிப் பாருங்கள்.

கொள்ளிடக்கரைக் கிராமம் ஒன்றில் ஒரு பாட்டியம்மா. எண்பது வயதுக்கு மேல். திண்ணையில் உட்கார்ந்து, தொடையில் ஆதி தாளம் தட்டிக்கொண்டே ஒரு பழைய கிறிஸ்துமஸ் கீர்த்தனையின் எல்லாச் சரணங்களையும் பார்க்காமல் பாடினார். மூன்றாவது சரணத்தில் ஒரு வளைவு போட்டார் பாருங்கள், புத்தகத்தில் அது இல்லை, நான் கேட்ட எந்த ரெக்கார்டிங்கிலும் இல்லை. "எங்க ஆத்தா இப்படித்தான் பாடும்" என்றார். உங்கள் ஊரிலும் அப்படி ஒருவர் இருப்பார். இந்த டிசம்பருக்குள் பிள்ளைகளை அழைத்துக்கொண்டு அவர் வீட்டுக்குப் போங்கள். போனில் பதிவு செய்துகொள்ளுங்கள். நிகழ்ச்சிக்கு அவரையே முதல் வரி எடுக்கச் சொல்லுங்கள்.

சொல்லைப் பற்றிப் பேசியே ஆக வேண்டும். இப்போது பலர் இங்கிலீஷ் கேரல்களை, அதாவது கிறிஸ்துமஸ் பாட்டுகளை, தாங்களே தமிழ்ப்படுத்துகிறீர்கள். நல்ல முயற்சி. ஆனால் குறில் நெடிலைப் பார்க்காமல் மெட்டில் போட்டுவிடுகிறீர்கள். ஒரு முறை நானே ஒரு வரி எழுதிக் கொடுத்தேன்: "மலைமேல் மேய்ப்பர்" என்று தொடங்கும். மெட்டில் முதல் எழுத்துக்கு நாலு அட்சரம் நீட்டல். ஒத்திகையில் நாலாம் வகுப்புப் பையன் கை தூக்கினான். "டீச்சர், மலை மேலயா, மாலை மேலயா?" குறிலை நீட்டினால் வேறு வார்த்தையாகிவிடுகிறதே. "மேய்ப்பர் மலைமேல்" என்று திருப்பிப் போட்டேன். நீட்டல் "மேய்" என்பதில் போய் உட்கார்ந்தது, "மலை" குறுகிய சுரத்தில் வந்தது, பாட்டு சரியாகிவிட்டது. நீங்கள் எடுத்து வைத்திருக்கிற தமிழாக்கத்தை மெட்டு இல்லாமல் ஒருமுறை உரக்கப் படியுங்கள், அப்புறம் மெட்டோடு பாடுங்கள். நீளுகிற இடத்தில் எல்லாம் நெடில் இருக்கிறதா என்று பாருங்கள். "இறைவன்" என்பதை "ஈறைவன்" என்று பாட வைக்கிற மெட்டு நமக்கு வேண்டாம். வரியை மாற்றுங்கள், முடியாவிட்டால் பாட்டை மாற்றுங்கள்.

ஒன்பது பாடங்கள், அதாவது ஒன்பது வேத வாசிப்புகள், வைத்துக் கீத ஆராதனை நடத்துகிற சபைகளுக்குத் தனியாகச் சொல்ல வேண்டியது உண்டு. 1880இல் இங்கிலாந்தின் ட்ரூரோவில் தொடங்கி, 1918இல் கேம்பிரிட்ஜ் கிங்ஸ் கல்லூரிக்குப் போய், அங்கிருந்து உலகம் முழுக்கப் பரவிய முறை இது. வாசிப்பும் பாட்டும் ஒன்றுக்கொன்று பதில் சொல்லிக்கொண்டே போவதுதான் அதன் அழகு. முதல் பாடம் ஆதியாகமம் மூன்றாம் அதிகாரம். ஆதாம் ஒளிந்துகொள்கிறான், "நீ எங்கே இருக்கிறாய்" என்று தேவன் கேட்கிறார். வாசித்தவர் இறங்கி வந்து உட்காருவதற்குள் மணியோசையோடு துள்ளுகிற ஒரு பாட்டு தொடங்கிவிடுகிறது. அந்தக் கேள்வி சபையார் மனதில் இறங்க நாம் இடமே கொடுப்பதில்லை. அந்த இடத்துக்கு மெதுவான ஒரு பாட்டு, இல்லை ஒரே ஒரு குரல், அதுவும் இல்லையா, அரை நிமிஷம் மௌனம். ஏசாயாவுக்குக் காத்திருப்பின் பாட்டு. தூதன் மரியாளிடம் பேசுகிற லூக்கா முதல் அதிகாரத்துக்குப் பெண்பிள்ளைகள் மட்டும். மேய்ப்பர் வரும்போது தெம்மாங்குச் சாயலில் ஒன்று இருந்தால் நம் வயல்காட்டுக்கு நெருக்கமாக இருக்கும். ஒன்பதாவது பாடம் யோவான் முதல் அதிகாரம், "ஆதியிலே வார்த்தை இருந்தது". அதற்கு நேராகப் பதில் சொல்கிற கீர்த்தனை நம்மிடமே இருக்கிறது, "ஆதித் திருவார்த்தை" என்றுதான் தொடங்குகிறது. அதை விட்டுவிட்டு அந்த இடத்தில் என்னென்னவோ பாடுவதை நான் கேட்டிருக்கிறேன்.

"அல்லேலூயா கோரஸ்" பாட ஆசைப்படுகிற பெரிய குழுக்களுக்கும் ஒன்று. ஹேண்டலின் மெசியா என்ற நீண்ட இசைப்படைப்பில் அது இரண்டாம் பாகத்தின் முடிவில் வருகிறது. பாடுகளையும் உயிர்த்தெழுதலையும் கடந்து, கர்த்தர் அரசாளுகிறார் என்று முழங்குகிற இடம். 1742 ஏப்ரலில் டப்ளினில் முதல்முதலாக அரங்கேறியது. ஆண்களின் மேல்குரலான டெனர் இரண்டே பேர் இருக்கிற குழு டிசம்பர் மழையில் அதைத் தூக்கிச் சுமப்பதைவிட, ஈஸ்டருக்கென்று வைத்துக்கொண்டு ஐந்து மாதம் பழகினால் நன்றாக வரும்.

பங்குத்தந்தையர் என்னை மன்னிக்க வேண்டும், நான் கத்தோலிக்கத் திருச்சபையைச் சேர்ந்தவள் இல்லை. ஆனாலும் என் பிள்ளைகள் பலர் உங்கள் கோயில்களில் பாடுகிறார்கள், அதனால் சொல்கிறேன். கிறிஸ்துமஸுக்கு முந்தைய திருவருகைக் காலத்து ஞாயிறுகளில் வானவர் கீதத்தை (குளோரியா) நிறுத்திவைக்கிறீர்கள். நாலு வாரம் அடக்கி வைத்து, நள்ளிரவுத் திருப்பலியில் மணி அடித்து அதைத் திறக்கிறீர்கள். அந்த நேரத்துக்கு மேடையில் இருக்கிற பத்துப் பேருக்கு மட்டும் தெரிந்த புது மெட்டைக் கொடுக்காதீர்கள். பின்வரிசையில் சால்வை போர்த்தி நிற்கிற தாத்தாவுக்கும் வாயில் வருகிற மெட்டாக இருக்கட்டும். 25ஆம் தேதியோடு குழுவைக் கலைத்துவிடாமல் திருக்காட்சிப் பெருவிழா வரைக்கும் இரண்டு பாட்டு மிச்சம் வையுங்கள்.

நாகையிலிருந்து தரங்கம்பாடி வரையிலும், தெற்கே வேளாங்கண்ணியிலும் கடலோரத்தில் இருக்கிற சபைகளுக்கு நான் சொல்லித் தெரிய வேண்டியதில்லை. 2004 டிசம்பர் 26, ஞாயிற்றுக்கிழமை காலை, சுனாமி. கிறிஸ்துமஸ் நட்சத்திரம் வாசலில் தொங்கிக்கொண்டிருந்த வீடுகள் அவை. இன்றைக்கும் அந்தக் கரையில் 25ஆம் தேதி புத்தாடை உடுத்தி, மறுநாள் காலை பூவோடு கடலுக்குப் போகிற குடும்பங்கள் இருக்கின்றன. அங்கே போடுகிற பட்டியலில் எல்லாமே கைதட்டிப் பாடுகிற பாட்டாக இருக்க வேண்டாம். நீலாம்பரியில் ஒரு தாலாட்டு வையுங்கள். அதைக் கேட்டு யாராவது அழுதால் அழட்டும்.

இனி பள்ளிகள். நம் படுகையில் கிறிஸ்தவப் பள்ளிக்கூடம் என்று பேர், வகுப்பில் பாதிக்கு மேல் இந்துப் பிள்ளைகள், முஸ்லிம் பிள்ளைகள். மார்கழி விடியலில் திருப்பாவை பாடிவிட்டு நேராக கேரல் ஒத்திகைக்கு வந்த பிள்ளை என்னிடம் இருந்தாள். குரல் ஏற்கெனவே திறந்திருக்கும், அவளைத்தான் முதல் வரி எடுக்கச் சொல்வேன். இந்தப் பிள்ளைகளின் வாயில் நாம் வைக்கிற வரிகளை யோசித்து வைக்க வேண்டும். விசுவாச அறிக்கை போன்ற பாட்டு சபைக்குப் பொருத்தம். பள்ளி விழாவுக்குக் குழந்தை, தாய், தொழுவம், நட்சத்திரம், பூமியில் சமாதானம் என்று எத்தனையோ இருக்கிறது, எந்த வீட்டுப் பிள்ளையும் மனதாரப் பாடலாம். மாயூரத்தில் (இன்றைய மயிலாடுதுறை) முன்சீப்பாக, அதாவது நீதிபதியாக, இருந்த வேதநாயகம் பிள்ளை கிறிஸ்தவர்தான். எல்லாச் சமயத்தாரும் சேர்ந்து பாட வேண்டும் என்று சர்வ சமய சமரசக் கீர்த்தனைகள் எழுதினார். மயிலாடுதுறைக்காரி என்பதால் சொல்லவில்லை, பள்ளி விழாவுக்கு அதைவிடப் பொருத்தமான புத்தகத்தை நான் பார்த்ததில்லை. ஒரு வருடம் அதிலிருந்து ஒன்றைப் பாடிப் பாருங்கள். பெற்றோர் முகம் மாறும்.

அந்தச் சறுக்குவண்டிப் பாட்டை எல்லாப் பள்ளியிலும் வைக்கிறோம், அதையும் சொல்லிவிடுகிறேன். "ஜிங்கிள் பெல்ஸ்" 1857இல் அமெரிக்காவில் வெளிவந்தது. குதிரை பூட்டிய பனி வண்டியில் போகிற உல்லாசப் பாட்டு, கிறிஸ்துமஸ் என்ற சொல்லே அதில் கிடையாது. சின்னப் பிள்ளைகள் ஆடட்டும், நான் தடுக்கவில்லை. ஆனால் பஞ்சைப் பனியாக ஒட்டிக்கொண்டு நிற்கிற அந்தப் பிள்ளைகளின் வீட்டைச் சுற்றிச் சம்பா கதிர் வாங்கிக்கொண்டு நிற்கிறது, வாய்க்கால் நிறையத் தண்ணீர் ஓடுகிறது, தவளைச் சத்தம் கேட்கிறது. அந்த இரவுக்குள் ஒரு குழந்தை பிறந்ததாகப் பாட ஒரு பாட்டாவது வேண்டாமா. வரி எழுதத் தெரிந்த தமிழாசிரியர் உங்கள் பள்ளியிலேயே இருப்பார். கும்மி மெட்டோ நடவுப் பாட்டு மெட்டோ பாட்டுக்காரப் பாட்டி யாருக்காவது தெரிந்திருக்கும். இருவரையும் ஒரு பெஞ்சில் உட்கார வையுங்கள்.

எத்தனை பாட்டு என்று கேட்பீர்கள். பள்ளி என்றால் மூன்று. எட்டு வேண்டாம். ஒரு பாட்டுக்கு ஆறு ஒத்திகை என்பது என் கணக்கு. ஐப்பசி, கார்த்திகையில் மழை லீவு வரும், ஒத்திகை போகும். டிசம்பரில் அரையாண்டுத் தேர்வு உட்கார்ந்திருக்கும், பிள்ளைகள் கணக்குப் பாடத்தைப் பார்ப்பார்களா, ஆல்டோ (பெண்களின் கீழ்க்குரல்) வரியைப் பார்ப்பார்களா. அதனால் தீபாவளிக்கு முன்னாலேயே பாட்டை முடிவு செய்து, நவம்பர் முழுக்க மெதுவாகக் கற்றுக்கொடுத்துவிட்டால் தேர்வு வாரத்தில் ஓய்வு கொடுக்கலாம். நிகழ்ச்சிக்கு முந்தின நாள் சும்மா ஒருமுறை பாடிப் பார்த்தால் போதும். டிராக் வேண்டவே வேண்டாம். சத்தம் குறைவாக இருந்தாலும் பரவாயில்லை, மைக்கை முன்னால் நகர்த்துங்கள்.

ஊர் சுற்றுகிற கேரல் ரவுண்ட்ஸுக்கு வேறு பாட்டு, வேறு சுருதி. நடந்துகொண்டே, ஈரக் காற்றில், இரவு பன்னிரண்டு மணிக்குப் பாடுகிற தொண்டை அது. நாலு வரிப் பாட்டு, பழக்கமான மெட்டு, ஒரு டிரம். பிள்ளைகளை அதில் மூன்று இரவுக்கு மேல் இழுக்காதீர்கள். சுடுதண்ணீர் பிளாஸ்க் ஒன்று உங்கள் பையில் இருக்கட்டும்.

இவ்வளவும் சொல்லிவிட்டு நான் வீட்டில் உட்கார்ந்திருக்கப் போவதில்லை. கொள்ளிடத்திலிருந்து வேதாரண்யம் வரை, மேற்கே கும்பகோணம், தஞ்சாவூர் வரை எந்தப் பள்ளி கூப்பிட்டாலும் வருகிறேன். பிள்ளைகளின் குரல் அளவைப் பார்த்து, சுருதி குறித்து, பாட்டுப் பட்டியல் போட ஒரு சனிக்கிழமை போதும். பஸ் செலவு என்னுடையது. சுருதிப்பெட்டியும் கொண்டுவருகிறேன். ஒரு கரும்பலகை, சாக்பீஸ், கடைசி வரிசையில் நிற்கிற பிள்ளை உட்பட எல்லாப் பிள்ளைகளும் இருந்தால் சரி. வாயை மட்டும் அசைத்துக்கொண்டிருந்த பிள்ளை யார் என்று எனக்கு நீங்கள் சொல்ல வேண்டாம், பார்த்ததும் தெரிந்துவிடும். அவளிடமிருந்தே தொடங்குகிறேன்.

இப்படிக்கு,
ஒரு பாட்டு டீச்சர்,
மயிலாடுதுறை.